கதவு எந்தப் பக்கம்?

ஒரு வாளித் தண்ணீர் கிணற்றிலிருந்து மேலே வந்து தொட்டியில் விழ 41 நொடி ஆகிறது. ஹங்கேரியின் ஹோர்தோபாஜ் சமவெளியில் நான் எடுத்த ஒரு ஷாட்டில் அப்படி 12 வாளி. மாடு மேய்ப்பவர் கழியைக் கைமாற்றிக் கைமாற்றிக் கீழே இறக்குகிறார். பின்பக்கம் கட்டிய எடைக்கட்டை வானத்தைப் பார்த்துப் போகிறது. வாளி தண்ணீரைத் தொடும்போது டொப்பென்று ஒரு சத்தம், அப்புறம் அது நிறையும் வரை ஒன்றுமே இல்லை. மேலே இழுத்து, நீளமான தொட்டியில் கவிழ்த்து, மறுபடி இறக்குகிறார். மாடுகள் அவசரப்படாமல் நிற்கின்றன. கொம்போடு கொம்பு இடிக்கும் சத்தம் மட்டும் இடையிடையே. மொத்தம் 8 நிமிடம் 12 நொடி.

பதினேழு வருடமாக எடிட்டிங்கில் இருக்கிறேன். இந்த ஷாட்டை வேறு யாராவது ரஷஸில் கொடுத்திருந்தால் 15 நொடியில் முடித்திருப்பேன். முதல் வாளியில் பாதி, முகத்துக்கு ஒரு குளோசப், தண்ணீர் கவிழும் சத்தத்தைப் படத்துக்கு முன்னாலேயே இழுத்துவிட்டு, நேராக மாடு குடிப்பதற்கு ஒரு கட். பார்க்கிறவர்களுக்கு 12 வாளியும் புரிந்துவிடும். அதுதானே என் பிழைப்பு.

அந்தக் கிணற்றுக்கு அவர்கள் மொழியில் கேமெஷ்கூத் என்று பெயர். கேம் என்றால் நாரை. குறுக்கு மரம் நாரை கழுத்தை நீட்டியது போல இருப்பதால் அப்படி. நமக்கு ஏற்றம், யாழ்ப்பாணத்தாருக்குத் துலா. கவட்டைக் கம்பம், அதன்மேல் மரம், மரத்தின் நுனியில் தொங்கும் கழி என்று எல்லாம் அதேதான். ஒரே வித்தியாசம், நம் ஏற்றத்தில் ஆள் மேலேறி முன்னும் பின்னும் நடப்பார். இங்கே அந்த ஆளின் வேலையைக் கல்லும் கட்டையும் செய்கின்றன. அதனால்தானோ என்னவோ பாட்டு இல்லை. தனியாக நிற்கிறவர் யாருக்குப் பாடுவார்?

நான் அங்கே போனது படம் எடுக்க அல்ல. மனைவிக்கு டெப்ரெட்சென் நகரத்துப் பல்கலைக்கழகத்தில் இரண்டு வருட ஆராய்ச்சி வேலை கிடைத்தது. நான் லேப்டாப்பும் நான்கு ஹார்ட் டிஸ்க்குமாகப் பின்னாலேயே போனேன். கோடையில் மூன்றரை மணி நேர வித்தியாசம், குளிர்காலத்தில் நான்கரை. சென்னையில் இயக்குநர் மதியச் சாப்பாட்டுக்கு எழுந்திருக்கும்போது எனக்குக் காலை ஒன்பதரை. அதுவரைக்கும் ஹங்கேரி என்றால் எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். ரீ-ரெக்கார்டிங் சமயத்தில் இசையமைப்பாளரின் உதவியாளர் வந்து, “ஸ்ட்ரிங்ஸ் புடாபெஸ்ட்ல எடுத்துட்டோம், இன்னைக்கு ராத்திரி ஃபைல் வந்துடும்” என்பார். அந்த ஊர் எனக்கு ஒரு ஃபோல்டரின் பெயராகத்தான் இருந்தது.

முதல் வருடம் வசந்த காலத்தில் பழைய கேமரா ஒன்று வாங்கினேன். டெப்ரெட்சென்னிலிருந்து மேற்கே போகும் சின்ன ரயிலில் ஏறினால் ஹோர்தோபாஜ் வர ஒரு மணி நேரம்கூட ஆகாது. சனிக்கிழமைதோறும் போக ஆரம்பித்தேன். திட்டம் எதுவும் கிடையாது. மற்றவர்கள் எடுத்ததை வெட்டிக்கொண்டே இருந்த ஆளுக்கு, வெட்டுவதற்குத் தானே எடுத்துப் பார்க்கலாமே என்று ஒரு ஆசை.

புஸ்தா என்று அந்த வெளியைச் சொல்கிறார்கள். வெறுமை என்ற பொருளும் அந்தச் சொல்லில் இருக்கிறது. முதல் நாள் ரயிலை விட்டு இறங்கி நின்றபோது கேமராவை எங்கே வைப்பது என்றே தெரியவில்லை. ஃப்ரேமுக்கு நடுவில் ஒரு கோடு. மேலே வானம், கீழே புல். எந்தப் பக்கம் திருப்பினாலும் அதே ஷாட். இரண்டு ஷாட்டை ஒட்டினால் ஜம்ப் மாதிரி தெரிகிறது, ஏனென்றால் இரண்டும் ஒன்றுதான். கோடையில் மதியம் கானல் வேறு வந்துவிட்டால் அந்த ஒற்றைக் கோடும் உருகிவிடும்.

உட்கார்ந்து பழகிய பிறகுதான் அது ஒரே தளமில்லை என்று தெரிந்தது. களர் நிலம் அது. பத்து இருபது சென்டிமீட்டர் உயர்ந்தால் ஒரு புல், தாழ்ந்தால் வேறு புல், இன்னும் தாழ்ந்தால் வெள்ளையாக உப்புப் பூத்த மண். பத்தொன்பதாம் நூற்றாண்டில் திசா ஆற்றுக்குக் கரை கட்டி வெள்ளத்தை நிறுத்தியதால்தான் இது இப்படி ஆனது என்று வெகுநாள் நம்பியிருக்கிறார்கள். மண்ணைத் தோண்டி ஆராய்ந்தவர்கள், பனியுகத்தின் கடைசியிலிருந்தே இது களர்தான் என்கிறார்கள். ஊருக்கு நடுவே 1833இல் கட்டி முடித்த கல் பாலம். ஒன்பது வளைவு. அவர்கள் ‘ஒன்பது ஓட்டைப் பாலம்’ என்கிறார்கள், நம் ஆட்கள் என்றால் ஒன்பது கண் பாலம் என்றிருப்பார்கள். 1973இல் இது நாட்டின் முதல் தேசியப் பூங்கா ஆனது. 1999இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. இதெல்லாம் வாசலில் பலகையிலேயே இருக்கும்.

பாலத்துக்குப் பக்கத்திலிருந்து குதிரை வண்டியில் ஏற்றி ஒரு காட்சிக்குக் கூட்டிப் போவார்கள். நீலத் தொளதொள உடையும் கறுப்புத் தொப்பியுமாக சிகோஷ் எனப்படும் குதிரை மேய்ப்பர்கள். அவர்கள் போடும் சேணத்தைக் குதிரையின் வயிற்றோடு சேர்த்துக் கட்டுவதில்லை, முதுகில் சும்மா போட்டதுதான். சாட்டை துப்பாக்கி போல வெடிக்கும், குதிரை அசையாமல் படுத்துக் கிடக்கும். மரமே இல்லாத வெளியில் ஒளிந்துகொள்ள அதைத் தவிர வேறு வழி ஏது என்று வழிகாட்டி சொல்வார். கடைசியாக அந்தப் புகழ்பெற்ற ஐந்து குதிரை ஓட்டம். பின்னால் ஓடும் இரண்டு குதிரைகளின் புட்டத்தில் ஒவ்வொரு காலை வைத்து நின்றுகொண்டு, முன்னால் மூன்று குதிரையைக் கடிவாளத்தில் பிடித்தபடி, ஒரு ஆள் புயல் மாதிரி நம்மைக் கடந்து போவார். ஸ்லோ மோஷனில் எடுத்தேன். எப்படி வைத்தாலும் அழகு. எந்த இடத்தில் கட் பண்ணினாலும் ஒட்டும்.

பிறகுதான் தெரிந்தது. அந்த ஓட்டம் முதலில் ஒரு ஓவியம். லுட்விக் கோக் என்ற ஆஸ்திரிய ஓவியர் 1920களில் கற்பனையாக வரைந்தது. 1950களில்தான் ஒரு சிகோஷ் அதை நிஜத்தில் செய்து பார்த்தார். அதற்கு முன்னால் இந்த வெளியில் யாரும் அப்படி நின்று ஓட்டியதில்லை. ஷாட் முதலில் வந்திருக்கிறது, வாழ்க்கை பின்னால் வந்து அதோடு சிங்க் ஆகியிருக்கிறது. எனக்குக் கோபம் வரவில்லை, சிரிப்புதான் வந்தது. கீழே விழுந்தால் அந்த ஆளுக்கு எலும்பு நிஜமாகத்தானே முறியும்.

என் கிணற்று ஷாட்டின் கதையையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். மேய்ப்பவர் நின்ற இடத்திலிருந்து முப்பது அடி தள்ளி ஒரு பம்ப் இருக்கிறது. ஃப்ரேமுக்கு வெளியே. நான் கேமராவை ஸ்டாண்டில் மாட்டுவதைப் பார்த்ததும் அவர்தான் போய் அதை நிறுத்திவிட்டு, கையைத் துடைத்துக்கொண்டு ஏற்றத்துக்கு வந்தார். நான் கேட்கவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை. 12 வாளி இறைத்த பிறகு வியர்வையைத் துடைத்துக்கொண்டு, போதுமா என்று கையைக் காட்டிக் கேட்டார். போதும் என்றதும் பம்பைப் போட்டுவிட்டார். பாக்கித் தண்ணீர் அதில்தான் வந்தது. அந்தச் சத்தம் டேக்கின் வாலில் இருக்கிறது.

அவருடைய மாடுகளைப் பற்றியும் ஒரு வார்த்தை. சாம்பல் நிறம், லைர் வாத்தியம் போல விரிந்த கொம்பு. கன்றுகள் மட்டும் கோதுமைச் சிவப்பாகப் பிறக்கும், சில மாதத்தில் நிறம் மாறும். ஒரு காலத்தில் இந்த மாடுகளை நடத்தியே வெனிஸுக்கும் நூரம்பெர்க்குக்கும் கூட்டிப்போய் விற்றிருக்கிறார்கள். டிராக்டர் வந்த பிறகு கேட்பாரில்லை. 1960களில் இனமே அழிகிற நிலைமை. அப்புறம்தான் விழித்துக்கொண்டு காப்பாற்றினார்கள். இன்று அவை பூங்காவின் மேய்ச்சல் வேலையைச் செய்கின்றன. அவை மேயாவிட்டால் இந்த வெளி இப்படி இருக்காது, புதரும் உயரப் புல்லும் ஏறிவிடும். ‘இயற்கை’ என்று நான் வைடு ஷாட் வைத்ததெல்லாம் தினமும் யாரோ மெனக்கெட்டு வைத்திருக்கும் ஃப்ரேம்.

எங்கள் தொழிலில் அந்த நாட்டைப் பற்றிப் பேசினால் ஹ்ரானிட்ஸ்கி ஆக்னெஷைச் சொல்லாமல் இருக்க முடியாது. இயக்குநர் தார் பேலாவின் படங்களுக்கு எடிட்டர். கடைசிப் படங்களில் இணை இயக்குநர் என்றே அவர் பெயர் போட்டிருக்கும். (அங்கே குடும்பப் பெயர் முதலில், சொந்தப் பெயர் பிறகு. நம் இனிஷியல் மாதிரி. இந்த ஒரு விஷயத்தில் எனக்கு நிம்மதி.) அவர்கள் 1994இல் வெளியிட்ட படம் ஏழு மணி நேரத்துக்கு மேல், அதில் ஏறத்தாழ 150 ஷாட்தான். நம் ஊர் சண்டைக் காட்சி ஒன்றுக்கே அது போதாது. கல்லூரிக் காலத்தில் அதைப் பார்த்துவிட்டு, இதில் எடிட்டருக்கு என்ன வேலை என்று நண்பர்களோடு கிண்டல் பண்ணியிருக்கிறேன். புல்வெளியில் கேமராவை ஓடவிட்டு, எப்போது நிறுத்துவது என்று தெரியாமல் நான் முழித்த அன்றைக்கு, அந்தக் கிண்டலை மனசுக்குள் வாபஸ் வாங்கிக்கொண்டேன்.

ஒரு விஷயம் எனக்கு ஆறுதலாக இருந்தது. விகார் பேலா என்பவர் 1896இல் எடிசனின் போனோகிராஃபைத் தூக்கிக்கொண்டு கிராமங்களுக்குப் போய் நாட்டுப்பாடல்களைப் பதிவு செய்தார். ஐரோப்பாவில் அதை முதலில் செய்தவர்களில் ஒருவர். பத்து வருடம் கழித்து இசையமைப்பாளர்கள் பார்தோக்கும் கோதாயும் அதே வழியில் போனார்கள். அன்றைய மெழுகு உருளையில் ஏறுவது இரண்டு நிமிடம் சொச்சம். இருபது கண்ணிப் பாட்டைப் பாட்டி பாடிக்கொண்டே போவார், உருளை ஒன்றிரண்டு கண்ணியோடு தீர்ந்துவிடும். மிச்சத்தைக் காகிதத்தில் எழுதிக்கொள்ள வேண்டியதுதான். அந்த நாட்டின் முதல் எடிட்டர் அந்த மெழுகுதான் என்று எனக்குத் தோன்றும். எங்கே வெட்டினோம் என்று அதற்கே தெரியாது.

ஹொல்லோகோ என்ற மலைக் கிராமத்துக்கும் போனேன். வெள்ளைச் சுவர், மர வராண்டா, கூழாங்கல் பாவிய தெரு. 1987இலேயே யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது. 1909இல் தீப்பிடித்து எரிந்து, பழைய பாணியிலேயே திருப்பிக் கட்டிய ஊர் அது. ஈஸ்டர் திங்கள்கிழமை பெண்கள் மேல் பையன்கள் வாளி வாளியாகத் தண்ணீர் ஊற்றுவதைப் பார்க்கக் கூட்டம் அள்ளும். நானும் எடுத்தேன். என் முன்னால் ஒன்பது கேமரா. அந்த ஃபுட்டேஜை இன்றுவரை திறக்கவில்லை.

இப்போது நேனிக்கு வருகிறேன். நாங்கள் குடியிருந்த அடுக்குமாடியில் கீழ்வீட்டுப் பாட்டி. நேனி என்பது அத்தை, பெரியம்மா மாதிரி வயதான பெண்களுக்குப் பெயரோடு ஒட்டும் சொல். ஆண் என்றால் பாச்சி. பெயரைச் சொல்லாமல் நேனி என்றே எழுதுகிறேன். எண்பது வயதுக்கு ஒன்றிரண்டு கூட. என் ஓட்டை ஹங்கேரிய மொழி அவரிடம்தான் கற்றது. என்னை ஃபியாம், அதாவது ‘என் பிள்ளே’ என்பார். நான் தமிழ் என்று சொன்னதும் அவர் முகத்தில் எந்தச் சலனமும் இல்லை. அதில் எனக்கு லேசான ஏமாற்றம். ஏனென்றால் பாலிண்ட் காபோர் என்று ஒரு ஹங்கேரியர், 1870களின் கடைசியில் செச்செனி பேலா பிரபுவின் ஆசியப் பயணக் குழுவோடு கிளம்பி, நம் பக்கம் வந்து தமிழ் படித்தார். ஊர் திரும்பி, தமிழும் ஹங்கேரிய மொழியும் உறவு என்று எழுதினார். மொழியியலாளர்கள் ஒப்புக்கொள்ளவில்லை. அது ஃபின்னிஷ் மொழியோடு சேர்ந்த குடும்பம். சரி, உறவு இல்லை. ஆனால் விகுதிமேல் விகுதியாக ஒட்டிக்கொண்டே போகும் அந்தச் சொற்களை நான் கொஞ்சம் சீக்கிரம் பிடித்துக்கொண்டதற்குத் தமிழ்தான் காரணம் என்று நினைத்துக்கொள்கிறேன். ‘வீட்டிலிருந்து’ அவர்களுக்கும் ஒரே சொல்.

நான் சனிக்கிழமை எங்கே போகிறேன் என்று நேனி கேட்டதில்லை. இரண்டாவது வருடம் ஒரு சேனல்காரர்கள் ஆறு நிமிடத்துக்கு ஏதாவது அனுப்பச் சொன்னார்கள். ‘விஷுவல் ட்ரீட்’ ஆக இருக்க வேண்டுமாம். ஒரு ரஃப் கட் போட்டேன். குதிரை ஓட்டம், நாரைக் கிணறு, அக்டோபரில் லட்சத்துக்கும் மேல் வந்து இறங்கும் கொக்குகள், சாயங்கால வெளிச்சத்தில் ஒரு நீளமான ஆட்டுக் கொட்டகை. நாணல் கூரை, அதற்குக் கீழே ஒரு கைப்பிடி அளவு வெள்ளைச் சுவர். அந்த ஷாட்டுக்கு ஆறு நொடி. அடியில் சித்தார் மாதிரி ஒலிக்கும் அவர்களுடைய கம்பி வாத்தியம் ஒன்று. எனக்கு மிகவும் பிடித்த ஷாட் அது.

உச்சரிப்பு சரிபார்க்க நேனியிடம் காட்டினேன். குதிரைக்கு ஒன்றும் சொல்லவில்லை. கொக்குக்கு லேசாகத் தலையாட்டினார். கொட்டகை வந்து போனதும், “கொஞ்சம் பின்னாடி போ” என்றார். போனேன். நிறுத்தச் சொன்னார்.

“இதுக்குக் கதவு எந்தப் பக்கம்?”

தெரியவில்லை என்றேன். வெளிச்சத்துக்காக ரோட்டுப் பக்கத்திலிருந்து எடுத்தது. மறுபக்கம் போகவே இல்லை.

“இது நாங்க இருந்தது இல்ல” என்றார். “ஆனா எல்லாம் ஒரே மாதிரிதான்.”

அப்புறம் சொன்னார். அதிகமில்லை, பத்து வாக்கியம் இருக்கும். 1950இல் அவருக்கு ஆறு வயது. தெற்கு எல்லைக்குப் பக்கத்தில் ஊர். ராத்திரியில் போலீஸ் வந்தது. கையில் எடுத்த மூட்டையோடு சரக்கு ரயிலில் ஏற்றினார்கள். இறக்கிவிட்ட இடத்தில் ஆட்டுக் கொட்டகை. ஆடுகளை வெளியேற்றிவிட்டு அதில் குடும்பம் குடும்பமாகப் படுக்க வைத்தார்கள். நாற்றம் போகவே இல்லை. காலையிலும் ராத்திரியும் கதவருகே நிறுத்தித் தலை எண்ணுவார்கள். அம்மா நெல் வயலில் வேலை செய்தார். ஆமாம், நெல். அந்தக் களர் நிலத்தில் வாய்க்கால் வெட்டி அரிசி விளைவிக்க அப்போதைய அரசாங்கம் முனைந்திருந்தது. “உன்னோட அரிசிதான்” என்றார் என்னைப் பார்த்து. சிரித்தாரா என்று எனக்குச் சரியாகத் தெரியவில்லை.

பிறகு நான் படித்துத் தெரிந்துகொண்டது இது. 1950 முதல் 1953 வரை ஹோர்தோபாஜிலும் அதைச் சுற்றியும் 12 மூடிய முகாம்கள் இருந்தன. தெற்கு, மேற்கு எல்லைகளிலிருந்து குடும்பங்களை எந்த வழக்கும் தீர்ப்பும் இல்லாமல் கொண்டுவந்து போட்டார்கள். கோச், போர்ஷோஷ், ஆர்குஷ் எல்லாம் நான் சனிக்கிழமை நடந்த பெயர்கள். ஸ்டாலின் இறந்த பிறகு 1953இல் திறந்துவிட்டார்கள். ஆனால் தங்கள் வீட்டுக்குத் திரும்பிப் போக முடியவில்லை, வீட்டில் வேறு யாரோ இருந்தார்கள். பாலத்துக்குப் பக்கத்தில் அவர்களுக்காக ஒரு நினைவுச் சிலுவை இருக்கிறது. பாலத்தை எடுக்கும்போது அது ஃப்ரேமில் இடித்தது என்று நான்தான் இரண்டடி தள்ளி நின்றிருக்கிறேன்.

இன்னொன்று. அந்த நெல் வாய்க்கால்களையும் வரப்புகளையும் பூங்காவினர் பல இடங்களில் மூடி, நிலத்தைப் பழையபடி சமமாக்கியிருக்கிறார்கள். களர் நிலப் புல்லுக்கும் பறவைகளுக்கும் அதுதான் நல்லது, செய்ய வேண்டிய வேலைதான். அதைக் குறை சொல்ல எனக்கு மனசு வராது. ஆனால் நேனியின் அம்மா முழங்கால் தண்ணீரில் நின்ற இடமும் அதில் போயிற்று.

அடுத்த சனிக்கிழமை அதே கொட்டகைக்குப் போனேன். சுற்றிக்கொண்டு மறுபக்கம் நடந்தேன். கதவு அங்கே இருந்தது. மந்தை ஒரே வீச்சில் வெளியேறும் அளவுக்கு அகலம், இரட்டைக் கதவு, தார் பூசிய பலகை. அடிப்பக்கம் மூத்திரம் பட்டுப் பட்டு மக்கியிருந்தது. நிலையின் மேல் தகைவிலான் கூடு. சூரியன் எனக்கு எதிரே, எடுப்பதற்கு மோசமான வெளிச்சம். ஸ்டாண்டை வைத்து ரெக்கார்ட் அழுத்திவிட்டுத் தள்ளி உட்கார்ந்தேன். கார்டு தீரும் வரை ஓடியது.

சேனலுக்குப் பழைய ரஃப் கட்டையே அனுப்பியிருக்கலாம். கொட்டகையை எடுத்துவிட்டு அனுப்பினேன். ஆறு நொடி குறைந்ததை யாரும் கவனிக்கவில்லை.

கதவை நேனியிடம் கொண்டுபோய்க் காட்டினேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஸ்கிரீனுக்குக் கிட்டே வந்து பார்த்தார்.

“பெரிய கதவு” என்றார். பிறகு, “எனக்கு அப்ப எல்லாமே பெருசாத்தான் தெரிஞ்சுது.”

காபி போட்டு வருகிறேன் என்று எழுந்து போனார். அடுப்பில் வைக்கும் சின்னக் காபிப் பாத்திரம், அது கொதிக்கும் சத்தத்தையே அதற்குப் பெயராக வைத்திருக்கிறார்கள், கொத்யோகோ. லேப்டாப்பை மூடச் சொல்லவில்லை. நானும் நிறுத்தவில்லை. காற்றுச் சத்தம் வந்துகொண்டிருந்தது. ஒரு தகைவிலான் உள்ளே போனது, வெளியே வந்தது, மறுபடி உள்ளே போனது. சமையலறையில் பாத்திரம் கொதிக்க ஆரம்பித்தபோதும் ஷாட் ஓடிக்கொண்டிருந்தது.